குரூப் போட்டோ என்றாலே கூச்சமா?

தோழி மகளின் கல்யாண ஆல்பத்தில், மேடை ஓரத்தில் நான் என்.சி.சி. அணிவகுப்பில் நிற்பதுபோல விறைத்து நிற்கிறேன். அதற்கப்புறம் பட்டுத் தெரிந்துகொண்டவை:

1. மொய் கவரைக் கொடுத்ததும் கை வெறுங்கையாகிவிடும். தடுமாற்றம் அங்கேதான் ஆரம்பம். ஒரு கையில் கைப்பை, இன்னொரு கை பக்கத்துத் தோழியின் தோளில். இரண்டையும் முன்னால் கோத்து நின்றால் துக்கம் விசாரிக்க வந்த மாதிரி இருக்கும்.

2. செல்ஃபி கேமராவுக்கு அகலமான பார்வை. கிட்டே வைத்து எடுத்தால் மூக்கு பெரிதாகும், ஓரத்தில் நிற்பவர் முகம் இழுபடும். மூக்கைக் குறை சொல்லாதீர்கள். போனைத் தண்ணீர் பாட்டிலில் சாய்த்து, 10 விநாடி டைமர் வைத்து, ஐந்தாறு அடி தள்ளிப் போய் நில்லுங்கள்.

3. ட்யூப் லைட்டுக்கு நேர் கீழே நிற்க வேண்டாம். கண்ணுக்கடியில் நிழல் விழும்.

4. "என் வாய் ஏன்டி கோணியிருக்கு?" கோணவில்லை. தினமும் கண்ணாடியில் பார்ப்பது இடம் வலம் மாறிய முகம். போட்டோவில் வகிடு எதிர்ப்பக்கம் போய்விடுவதால் யாரோ மாதிரி தெரிகிறது. 1977-இல் அமெரிக்காவில் வெளியான ஓர் ஆய்வில், பெண்கள் பலருக்குத் தங்கள் கண்ணாடி முகம்தான் பிடித்தது. அவர்களுடைய தோழிகளுக்கோ போட்டோ முகம். ஆகவே "நல்லாத்தானேடி இருக்கே" என்று தோழி சொல்வது ஒப்புக்கு இல்லை.

5. கண் மூடிக்கொள்கிறதா? முதலிலேயே மூடிக்கொண்டு, "மூணு" என்றதும் திறவுங்கள். கூட்டம் பெரிதென்றால் நாலைந்து படமாவது எடுக்கச் சொல்லுங்கள். யாராவது ஒருவர் இமைத்தே தீருவார்.

6. "சிரிங்க" என்றால் வாய் மட்டும்தான் சிரிக்கும், கண் சிரிக்காது. போட்டோகிராஃபர் எண்ண ஆரம்பித்ததும் பக்கத்தில் இருப்பவள் காதில் பழைய கணக்கு வாத்தியாரின் பட்டப்பெயரைச் சொல்லுங்கள். எங்கள் செட்டில் இது ஒருமுறைகூடத் தவறியதில்லை.

7. வாட்ஸ்அப்பில் போடுமுன் படத்தில் இருப்பவர்களிடம் ஒரு வார்த்தை கேளுங்கள்.

8. "நீங்க நில்லுங்க, நான் எடுக்கிறேன்" என்று கேமராவை வாங்கிக்கொள்வது பழைய தந்திரம். கல்லூரியில் கொடைக்கானல் போனபோது நானும் அதைத்தான் செய்தேன். ஒரு ரோல், 36 படம். கோக்கர்ஸ் வாக்கில் எல்லாரும் கைகோத்து நிற்கும் படத்தில், அவர்கள் காலடியில் நீளமாக விழுந்திருக்கிற நிழல் மட்டும் என்னுடையது.