வீட்டுக் கடனின் முழு விலை

வீடு வாங்கப் புறப்படும் குடும்பத்தில் மாதக்கணக்காக நடக்கும் ஆலோசனைகளில், மனையின் திசையும் தண்ணீர் வசதியும் பள்ளிக்கூடத்தின் தூரமும் விஸ்தாரமாகப் பேசப்படுகின்றன, விலையில் ஐம்பதாயிரம் ரூபாய் குறைப்பதற்காக இரண்டு வாரம் பேரம் நடக்கிறது, ஆனால் கடன் என்று வந்ததும், "மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?" என்ற ஒரே கேள்வியோடு விஷயம் முடிந்துவிடுகிறது. சம்பளத்துக்குள் தவணை அடங்கும் என்று தெரிந்தால் போதும், கையெழுத்து விழுந்துவிடும். மொத்தத்தில் எவ்வளவு, எந்த வயது வரைக்கும் என்ற இரண்டு கேள்விகளும் கேட்கப்படாமலே போகின்றன. இவ்விரண்டுக்கும் விடை காணாமல் எவரும் வீட்டுக் கடன் பத்திரத்தில் கையெழுத்திடலாகாது என்பது என் உறுதியான அபிப்பிராயம். விடை காண்பதற்கு விசேஷப் படிப்பு ஒன்றும் அவசியமில்லை. ஒரு தாளும் கணக்கு போடும் கைப்பேசியும் ஒரு மாலைப்பொழுதும் இருந்தால் போதும்.

முதற்காரியமாக, கடனுக்கு வெளியே கைப்பணமாகப் போகும் தொகையை எழுதிக்கொள்ள வேண்டும். உதாரணத்துக்கு, கோயம்புத்தூரின் புறநகரில் 62.5 லட்சம் ரூபாய் கிரயத்துக்கு ஒரு தனி வீடு வாங்குவதாக வைத்துக்கொள்வோம். 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையுள்ள கடன்களில், வீட்டின் மதிப்பில் 80 சதவிகிதத்துக்கு மேல் வங்கி கொடுக்கலாகாது என்பது ரிசர்வ் வங்கியின் விதி. ஆகவே அதிகபட்சக் கடன் 50 லட்சம், கையிலிருந்து போட வேண்டியது 12.5 லட்சம். இத்தோடு நிற்பதில்லை. தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவிகிதம், பதிவுக் கட்டணம் 2 சதவிகிதம். இரண்டும் சேர்ந்து 5,62,500 ரூபாய். கடன் வரம்பைக் கணக்கிடும்போது இத்தகைய வீட்டுக்கு இந்தச் செலவை மதிப்பில் சேர்க்க முடியாது, அதுவும் கைப்பணந்தான். ஆக, சாவி கைக்கு வருவதற்கு முன்பே 18 லட்சத்துக்கு மேல் போய்விடுகிறது. இந்தத் தொகைக்காக நகையை அடகு வைத்தோ தனிநபர் கடன் வாங்கியோ சமாளிக்கிறவர்கள், அந்தக் கடனின் வட்டியையும் வீட்டின் விலையோடு சேர்த்து எழுத வேண்டும். அது வீட்டுக் கடன் வட்டியைவிடப் பெரும்பாலும் அதிகமாகவே இருக்கும்.

இரண்டாவதாக, தவணையை மாதங்களின் எண்ணிக்கையால் பெருக்க வேண்டும். 50 லட்சத்துக்கு 8.5 சதவிகித வட்டியில் 20 ஆண்டுக்கு மாதத் தவணை 43,391 ரூபாய். 240 மாதத்துக்கு 1,04,13,840 ரூபாய். அதாவது 54 லட்சத்துக்கு மேல் வட்டி. அசலைவிட வட்டி அதிகம். கைப்பணத்தையும் சேர்த்தால், 62.5 லட்சம் என்று கிரயப் பத்திரம் சொல்லும் அந்த வீட்டுக்காகக் குடும்பத்திலிருந்து வெளியேறும் தொகை 1.22 கோடி ரூபாய்க்கு மேல். பெருக்கல் ஒன்றுதான், ஆனால் அந்த ஒரு பெருக்கலைச் செய்யாமலே எத்தனையோ பேர் இருபது வருஷத்துக்குத் தங்களை ஒப்புக்கொடுத்துவிடுகிறார்கள் என்பதை நினைக்கும்போது மனம் வருந்துகிறது.

மூன்றாவதாக, தவணைக்குள்ளே அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு என்று பிரித்துப் பார்க்க வேண்டும். இதுதான் விஷயத்தின் ஜீவநாடி என்பதால் சற்று நிதானித்துச் சொல்கிறேன். ஒவ்வொரு மாதமும் நிலுவையிலிருக்கும் அசலுக்கு அந்த மாத வட்டி கணக்கிடப்படுகிறது. தவணையில் முதலில் அந்த வட்டி கழிக்கப்பட்டு, மிஞ்சியதே அசலுக்குச் சேர்கிறது. முதல் மாதத்தில் 50 லட்சத்துக்கு வட்டி 35,417 ரூபாய். கட்டிய 43,391-இல் அசலில் குறைவது 7,974 ரூபாய் மட்டுமே. முதல் வருஷம் முழுவதும் 5,20,692 ரூபாய் கட்டிய பிறகு அசல் குறைந்திருப்பது ஒரு லட்சத்துக்குச் சற்றுக் குறைவு. இப்படியே பத்து வருஷம் ஒரு மாதங்கூடத் தவறாமல் 52 லட்சம் ரூபாய் கட்டியவர், பாதிக் கடன் தீர்ந்திருக்கும் என்ற நம்பிக்கையோடு வங்கிக்குப் போய்க் கேட்டால், இன்னும் 35 லட்சம் பாக்கி என்ற பதில் வரும். இதில் வங்கியின் வஞ்சகம் எதுவும் இல்லை. கணக்கின் இயல்பே அப்படி. ஆரம்ப வருஷங்கள் வட்டியின் வருஷங்கள், கடைசி வருஷங்கள் அசலின் வருஷங்கள். கடனைக் குறைப்பதற்கான முயற்சி எதுவானாலும் அதை முதல் ஐந்தாறு வருஷங்களில் செய்ய வேண்டும் என்பதற்கு இதுவே காரணம்.

நான்காவது படி, வங்கி தரும் காகிதத்தை வாசிப்பது. 2024 அக்டோபர் முதல் தேதியிலிருந்து, வீட்டுக் கடன் உள்ளிட்ட சில்லறைக் கடன்கள் எல்லாவற்றுக்கும் முக்கிய விவரக் குறிப்பு ஒன்றை வங்கிகள் கட்டாயம் கொடுக்க வேண்டும். கடன் பெறுபவருக்குப் புரியும் மொழியிலேயே அது இருக்க வேண்டும். ஆகவே தமிழில் கேட்பதற்குத் தயங்க வேண்டியதில்லை. படித்து முடிவு செய்வதற்குக் குறைந்தபட்சம் மூன்று வேலை நாட்கள் அவகாசமும் உண்டு. அதில் எழுதாத கட்டணம் எதையும், உங்கள் வெளிப்படையான சம்மதம் இல்லாமல், பின்னால் வசூலிக்க முடியாது. தவணை அட்டவணையும் அதிலேயே இருக்கும். எல்லாவற்றிலும் முக்கியமாக, ஏ.பி.ஆர். என்ற ஓர் எண்ணைத் தேடிப் பாருங்கள். வட்டியோடு பரிசீலனைக் கட்டணம், வழக்கறிஞர் கருத்துரை, மதிப்பீட்டுச் செலவு முதலியவற்றையும் சேர்த்து ஆண்டுக்கு எத்தனை சதவிகிதம் ஆகிறது என்பதைச் சொல்லும் எண் அது. இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது விளம்பரத்திலுள்ள வட்டியை விட்டுவிட்டு, இந்த எண்ணையே ஒப்பிட வேண்டும்.

அந்தக் காகிதத்தில் இன்ஷூரன்ஸ் என்று ஒரு வரி இருந்தால், அங்கே கொஞ்சம் ஜாக்கிரதை தேவை. கடனுக்கு ஆயுள் காப்பீடு எடுத்தே ஆக வேண்டும் என்று சட்டம் சொல்லவில்லை. குடும்பத்தைக் காப்பாற்றும் நோக்கத்தோடு காப்பீடு எடுப்பது உத்தமமான காரியம். ஆனால் அதை ஒரே பிரீமியமாகக் கடனோடு சேர்த்துவிடச் சம்மதிப்பது விவேகம் ஆகாது. 1.5 லட்சம் பிரீமியம் கடனில் சேர்ந்தால், மேற்சொன்ன வட்டியில் இருபது வருஷத்தில் அது 3.12 லட்சமாகிறது. வருஷா வருஷம் பிரீமியம் கட்டும் டேர்ம் பாலிசியைத் தனியாக எடுத்துக்கொள்வதே மேல்.

ஐந்தாவதாக, காலத்தை நிர்ணயிக்க வேண்டும். 43,391 ரூபாய் பாரமாக இருக்கிறது என்று சொன்னால், "முப்பது வருஷமாக்கி விடலாம், தவணை குறையும்" என்ற யோசனை உடனே வரும். குறைவது உண்மை, 38,446 ரூபாயாகும். மாதம் சுமார் ஐயாயிரம் மிச்சம். அதற்குக் கொடுக்கும் விலையோ, மொத்தத்தில் 34 லட்சத்துக்கு மேல் கூடுதல் வட்டி. எதிர்த்திசையில் 15 வருஷமாகக் குறைத்தால் தவணை 49,237. மாதம் ஆறாயிரத்துக்குக் குறைவாகவே அதிகம். மிச்சப்படும் வட்டி 15.5 லட்சம். இதனால் எல்லோரும் பதினைந்து வருஷந்தான் எடுக்க வேண்டும் என்று சொல்லவில்லை. சம்பளம் நிச்சயமில்லாத தொழிலில் இருப்பவர் நீண்ட காலத்தை எடுத்துக்கொண்டு, கை ஓங்கும்போது முன்கூட்டியே கட்டுவது புத்திசாலித்தனம். ஆனால் ஐயாயிரம் ரூபாய் சௌகரியத்துக்காக மட்டும் பத்து வருஷத்தைச் சேர்ப்பது, வீட்டைப் பாதி மறுபடி வாங்குவதற்குச் சமமான செலவு.

ஆறாவது படியே மிகவும் அலட்சியம் செய்யப்படுவது: வட்டி மாறும் என்பதைக் கணக்கில் சேர்ப்பது. 2019 அக்டோபர் முதல், மாறும் வட்டியில் வங்கிகள் தரும் புதிய வீட்டுக் கடன்களின் விகிதம் ஒரு வெளி அளவுகோலோடு, பெரும்பாலும் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதத்தோடு, பிணைக்கப்பட்டிருக்கிறது. 2022 மே மாதத் தொடக்கத்தில் 4 சதவிகிதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆயிற்று, ஒரு வருஷத்துக்குள் இரண்டரை சதவிகித ஏற்றம். 2025-இல் அது மறுபடி இறங்கத் தொடங்கியது. வீட்டு வசதி நிதி நிறுவனங்களுக்கு இந்தப் பிணைப்பு கட்டாயமில்லை. அவை தங்கள் சொந்த அளவுகோலை வைத்துக்கொள்கின்றன என்பதையும் நினைவில் கொள்ள வேண்டும்.

வட்டி ஏறும்போது பெரும்பாலும் தவணை ஏறுவதில்லை, காலம் நீள்கிறது. வங்கிக் கணக்கிலிருந்து மாதாமாதம் அதே 43,391 போவதால் குடும்பத்தார் எதையும் உணர்வதில்லை. நம் உதாரணத்தில் தொடக்கத்திலேயே வட்டி 9.5 ஆகி அப்படியே நிலைத்தால், தவணை மாறாத பட்சத்தில் 240 மாதம் என்பது 309 மாதமாகிறது. நாற்பது வயதில் கடன் வாங்கி அறுபதில் தீர்த்துவிடலாம் என்று எண்ணியவர், அறுபத்தாறை நெருங்கும் வரை, ஓய்வூதியக் காலத்திலும் தவணை கட்ட வேண்டியிருக்கும். கூடுதல் செலவு ஏறக்குறைய 30 லட்சம். அதற்குப் பதிலாகத் தவணையை 46,607 ரூபாயாக உயர்த்தச் சொல்லி எழுதிக் கொடுத்தால், காலம் இருபது வருஷமாகவே நின்று, கூடுதல் செலவு 8 லட்சத்துக்குள் அடங்கும். இப்படித் தவணையை உயர்த்தவோ, காலத்தை நீட்டவோ, இரண்டையும் கலந்து செய்யவோ, ஒரு பகுதியை முன்கூட்டிக் கட்டவோ கடனாளிக்கு உரிமை அளிக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் உத்தரவிட்டிருக்கிறது. உரிமை இருக்கிறது, கேட்பவர்கள்தான் குறைவு. வருஷத்துக்கு ஒரு முறையாவது வங்கியிலிருந்து கணக்கு அறிக்கை வாங்கி, பாக்கி மாதங்கள் எத்தனை என்ற ஒரு வரியைப் பார்த்துவிடுங்கள்.

ஏழாவதாக, முன்கூட்டிக் கட்டுவதற்கு ஒரு திட்டம் வேண்டும். மாறும் வட்டியில் தனிநபர்கள் வாங்கிய வீட்டுக் கடனை முன்னதாக அடைப்பதற்கு அபராதம் வசூலிக்கலாகாது என்று ரிசர்வ் வங்கி 2012-ஆம் ஆண்டிலேயே தடை விதித்துவிட்டது. தீபாவளி போனஸோ, சீட்டுப் பணமோ, எதுவோ ஒன்றைக் கொண்டு வருஷத்துக்கு ஒரு தவணை மட்டும் அதிகமாகக் கட்டிவந்தால், இருபது வருஷக் கடன் 17 வருஷத்துக்குள் தீர்கிறது. சுமார் 10 லட்சம் வட்டி மிச்சம். காலம் எவ்வளவு முக்கியம் என்பதற்கு இன்னொரு கணக்கு: முதல் வருஷ முடிவில் 2 லட்சம் கட்டினால் 7 லட்சத்துக்கு மேல் வட்டி மிச்சமாகும், அதே 2 லட்சத்தைப் பத்தாம் வருஷ முடிவில் கட்டினால் 2.5 லட்சமே மிச்சம். பணம் கட்டும்போது, "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுத்தில் கொடுப்பது அவசியம். இதையெல்லாம் செய்வதற்கு முன், ஆறு மாதச் செலவுக்கான பணம் தனியாக இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ள வேண்டும். கடனில் போட்ட பணத்தை வியாதிக் காலத்தில் சுலபமாகத் திரும்ப எடுக்க முடியாது.

வேறு வங்கிக்குக் கடனை மாற்றுவது பற்றியும் ஒரு வார்த்தை. பத்து வருஷம் கட்டி 35 லட்சம் பாக்கியிருக்கும்போது, "8 சதவிகிதம், தவணை 29,275 மட்டுமே" என்று ஒருவர் வந்து சொன்னால் ஆசை பிறப்பது சகஜம். ஆனால் அந்தத் தவணை மறுபடி இருபது வருஷத்துக்கு; மொத்தம் 70 லட்சம். பழைய கடனிலேயே இருந்தால் பாக்கி கட்ட வேண்டியது 52 லட்சந்தான். வட்டி குறைந்தும் செலவு 18 லட்சம் அதிகம். மாற்றுவதானால் பாக்கியிருக்கும் பத்து வருஷத்துக்கே மாற்ற வேண்டும். அதற்கு முன்பு, விகிதத்தைக் குறைத்துத் தர முடியுமா என்று பழைய வங்கியையே கேட்டுவிட வேண்டும்.

வரிச் சலுகை உண்டே என்பார்கள். சொந்த உபயோகத்துக்கான வீட்டின் வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு பழைய வரிமுறையில்தான். புதிய வரிமுறையில் இல்லை. பணத்தின் மதிப்பு வருஷத்துக்கு வருஷம் குறைகிறது என்ற வாதமும் நியாயமானதே: விலைவாசி ஆண்டுக்கு 5 சதவிகிதம் ஏறினால், இருபதாம் வருஷக் கடைசியில் கட்டும் 43,391 ரூபாய் இன்றைய 16,000 ரூபாய் அளவுக்கே பெறும். மிச்சமாகும் வாடகையையும் வரவாக எழுதத்தான் வேண்டும். எழுதும்போது வீட்டு வரியையும் பராமரிப்பையும் பற்றில் எழுத மறக்கக் கூடாது. வரிச் சலுகையும் பணமதிப்பின் சரிவும் வாடகை மிச்சமும் கடனின் பாரத்தைக் குறைப்பவை. காலத்தை நீட்டுவதற்கு நியாயம் ஆகமாட்டா.

கடைசித் தவணை கட்டியவுடன் விஷயம் முடிந்துவிட்டதாக எண்ண வேண்டாம். முழுப் பணமும் செலுத்திய 30 நாட்களுக்குள் மூலப் பத்திரங்கள் அனைத்தையும் வங்கி திருப்பித் தர வேண்டும். தன் தவறால் தாமதித்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குக் கொடுக்க வேண்டும் என்பது 2023 டிசம்பரிலிருந்து நடைமுறையில் உள்ள விதி. பத்திரங்களைப் பட்டியலோடு சரிபார்த்து வாங்கிக்கொண்டு, கடன் வாங்கியபோது சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவான உரிமை ஆவண ஒப்படைப்புக்கு வங்கியிடமிருந்து ரசீது ஆவணம் எழுதி வாங்கி, அதையும் பதிவு செய்யுங்கள். பிறகு ஒரு வில்லங்கச் சான்று எடுத்து, அந்த ரசீது அதில் ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள். அது ஏறாத வரையில், கடன் தீர்ந்த வீட்டின் மேலும் வங்கியின் பெயர் வில்லங்கமாக நின்றுகொண்டேயிருக்கும்.