அடகு நிலம் லேலாங்குக்கு வரும்போது

கேள்வி: பெஸ்தாரி ஜெயா அருகே இரண்டு ஏக்கர் செம்பனை நிலத்தை அடகு வைத்து வாங்கிய வங்கிக் கடனில் தவணைகள் நின்றுவிட்டன. நில அலுவலகத்திலிருந்து விசாரணைக்கு அழைப்பு வந்திருக்கிறது. நீதிமன்றம் போனால் லேலாங்கைத் தடுக்க முடியுமா?

பதில்: மலேசியாவில் அடகு நிலத்தின் ஏலம் 1965ஆம் ஆண்டு தேசிய நிலச் சட்டத்தின்படி நடக்கிறது. வழக்கு எங்கே போகும் என்பது பட்டாவின் வகையைப் பொறுத்தது. கடன் எவ்வளவு என்பதற்கும் அதற்கும் தொடர்பில்லை. பட்டாவில் ‘கெரான்’, ‘பஜாக்கான் நெகிரி’, ‘எச்.எஸ்.(டி)’ என்றிருந்தால் வங்கி உயர்நீதிமன்றத்தில் விற்பனை ஆணை கேட்க வேண்டும். ‘கெரான் முக்கிம்’, ‘பஜாக்கான் முக்கிம்’, ‘எச்.எஸ்.(எம்)’ என்றிருந்தால் அது நில அலுவலகப் பட்டா. ஆணையிடுபவர் மாவட்ட நில நிர்வாகி. பட்டணம், கிராமம் என்று வகுக்கப்பட்ட எல்லைக்கு வெளியே நான்கு ஹெக்டேருக்கு மேற்படாத நிலத்துக்குப் பொதுவாக இரண்டாம் வகைப் பட்டாதான். இரண்டு ஏக்கர் நிலத்துக்கு அழைப்பு நில அலுவலகத்திலிருந்து வந்ததன் காரணம் இதுவே.

அழைப்புக்கு முன்பே வங்கி ஒரு படியைத் தாண்டியிருக்க வேண்டும். தவணை தவறிய நிலை ஒரு மாதம், அல்லது அடகுப் பத்திரம் குறிக்கும் காலம், நீடித்த பிறகே பாரம் 16டி என்னும் அறிவிப்பை அனுப்பலாம். பாக்கியைச் செலுத்த அதில் மீண்டும் அவகாசம் தரப்பட வேண்டும். தோட்டத்தை விட்டு வெளியேறிய குடும்பங்கள் பழைய முகவரியை வங்கியில் மாற்றாமல் விடுவதால், இந்த அறிவிப்பு கண்ணில் படாமலே காலம் கடந்துவிடுவது பெரும் துயரம். பத்திரத்தில் கொடுத்த முகவரிக்குப் பதிவுத் தபால் போயிருந்தால், “கைக்கு வரவில்லை” என்ற வாதம் பெரும்பாலும் எடுபடாது.

விசாரணை நாளில் கடனாளி நேரில் வந்து காரணம் காட்டலாம். அந்த நாளைத் தவறவிடுவதைப் போன்ற தவறு வேறில்லை. ‘மாறான காரணம்’ இல்லையெனில் நில நிர்வாகி விற்பனை ஆணை பிறப்பித்தே ஆக வேண்டும். உயர்நீதிமன்றத்துக்கும் இதே விதிதான். எது மாறான காரணம் என்பதை லோ லீ லியான் எதிர் பான் ஹின் லீ வங்கி வழக்கில் கூட்டரசு நீதிமன்றம் மூன்று வகையாகச் சொன்னது. மோசடி, போலிக் கையெழுத்து போன்றவற்றால் அடகே செல்லாததாக இருப்பது ஒன்று. தவணை தவறியதை வங்கி நிரூபிக்காதது, அறிவிப்பில் குறை போன்ற நடைமுறைப் பிழை மற்றொன்று. ஆணை பிறப்பிப்பது சட்ட விதிக்கோ நியாய நெறிக்கோ முரணாவது மூன்றாவது. பாக்கித் தொகை எவ்வளவு என்ற தகராறு மட்டும் போதாது. வேலை போனது, நோய், செம்பனை விலை சரிவு ஆகியவையும் சட்டத்தின் கண்ணில் மாறான காரணம் ஆவதில்லை. அவற்றைச் சொல்லி அவகாசம் கேட்க வேண்டிய இடம் வங்கிதான். அதுவும் அறிவிப்பு வந்த வாரமே. பேங்க் நெகாரா 2006இல் அமைத்த ஏ.கே.பி.கே. என்னும் கடன் ஆலோசனை நிறுவனம், தவணையைத் திருத்தி அமைக்க வங்கியுடன் கட்டணமின்றிப் பேசித் தருகிறது.

நில நிர்வாகியின் முடிவை எதிர்த்து, அது தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் உயர்நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்யலாம். கேள்வியில் உள்ள ‘நீதிமன்றம் போவது’ இந்தக் கட்டத்தில்தான் பொருள்படும். ஆனால் மேல்முறையீட்டு மனு மட்டும் லேலாங்கை நிறுத்திவிடாது. இடைக்காலத் தடைக்குத் தனியே மனு செய்து, தக்க காரணம் காட்ட வேண்டும்.

பணம் திரட்ட முடிந்தவருக்கு இன்னொரு வழி கடைசிவரை திறந்திருக்கிறது. ஏலம் முடிவதற்கு முன் எந்த நேரத்திலும் பாக்கியையும் செலவுகளையும் கட்டி நிலத்தை மீட்கலாம் என்கிறது சட்டத்தின் 266ஆம் பிரிவு. உறவினருக்கோ வெளியாருக்கோ வங்கியின் சம்மதத்துடன் நிலத்தை விற்றுக் கடனை அடைப்பதும் நடக்கக்கூடியதே. லேலாங் விலையைவிட அதில் பெரும்பாலும் கூடுதலாகக் கிடைக்கும்.

தனிப்பட்டா இன்னும் வராத தாமான் வீடுகளின் நிலை வேறு. அங்கே அடகுப் பதிவு இருக்காது. உரிமை மாற்று ஒப்பந்தமே பிணை. பிலியோஅலைட் வங்கி வழக்கில் 2002இல் கூட்டரசு நீதிமன்றம் அளித்த தீர்ப்புக்குப் பிறகு, அத்தகைய வீட்டை வங்கி நீதிமன்ற ஆணையின்றியே ஏலம் விடுகிறது. அந்த வீட்டுக்காரருக்கு நில அலுவலக விசாரணை என்ற வாய்ப்பே கிடையாது. அவர் தானே தடையாணை கேட்டு வழக்குத் தொடுக்க வேண்டும்.

பட்டா நிலம் ஏலம் போனால் அந்தப் பணத்திலிருந்து நிலவரி பாக்கி முதலியவை, பிறகு கடன் கழிக்கப்பட்டு, மீதி நில உரிமையாளருக்குச் சேரும். போதாவிட்டால் குறைத் தொகைக்கு வங்கி வழக்குப் போடலாம். அந்தக் குறை 100,000 ரிங்கிட்டை எட்டாதவரை அதை வைத்து ஒருவரை நொடித்தவராக அறிவிக்கக் கோர முடியாது.