ஆறு மாதக் கெடு

சென்னை–திருச்சி சாலையில் சேலம் சாலை வந்து சேரும் இடம் உளுந்தூர்பேட்டை. 2024 செப்டம்பரில் இங்கே மேட்டத்தூர் அருகே வேன் மரத்தில் மோதி 6 பேர் இறந்தார்கள். ராணிப்பேட்டை மாவட்டத்திலிருந்து திருச்செந்தூர் போய்த் திரும்பியவர்கள். வழியில் இப்படி ஆளைப் பறிகொடுக்கும் குடும்பத்துக்கு வரும் முதல் பயம், வழக்குக்காக உளுந்தூர்பேட்டைக்கே அலைய வேண்டுமோ என்பது. வேண்டியதில்லை. விபத்து நடந்த ஊர், நீங்கள் குடியிருக்கும் ஊர், எதிர்த்தரப்பு இருக்கும் ஊர் ஆகிய மூன்றில் எங்குள்ள மோட்டார் வாகன விபத்துத் தீர்ப்பாயத்திலும் மனு போடலாம்.

பயப்பட வேண்டியது கெடுவுக்குத்தான். 1.4.2022 முதல், விபத்து நடந்த நாளிலிருந்து 6 மாதத்துக்குள் மனு செய்ய வேண்டும். மருத்துவமனையில் இரண்டு மாதம் கிடந்து இறந்திருந்தாலும் கணக்கு விபத்து நாளிலிருந்துதான். இந்தக் கெடுவை எதிர்த்து உச்ச நீதிமன்றத்துக்கு வழக்கு போயிருக்கிறது. தாமதம் என்று சொல்லி மனுக்களைத் தள்ளக் கூடாது என்று 2025 நவம்பரில் இடைக்கால உத்தரவும் வந்தது. இடைக்கால உத்தரவை நம்பி உட்கார்ந்திருக்காதீர்கள். கருமாதி முடிந்த கையோடு வேலையைத் தொடங்குங்கள்.

முதல் காகிதம் எஃப்.ஐ.ஆர். முடிந்தவரை விபத்தைக் கண்ணால் பார்த்தவரே புகார் கொடுக்கட்டும். ஊரிலிருந்து ஓடிவந்த மச்சான் கேள்விப்பட்டதை எழுதிக்கொடுத்தால், பின்னால் இன்சூரன்ஸ் வக்கீல் அந்த வரிகளைப் பிடித்துத்தான் குறுக்கு விசாரணை செய்வார். வண்டி எண், வந்த திசை, யார் மோதியது மூன்றும் அதில் இருக்க வேண்டும். எண் தெரிந்தால் எம்பரிவாகன் செயலியில் இன்சூரன்ஸ் நடப்பில் உள்ளதா என்று பார்க்கலாம்.

மோதிய வண்டி நிற்காமல் போய்விட்டதா? செங்குறிச்சி சுங்கச்சாவடி, வழியில் உள்ள பெட்ரோல் பங்குகள், ஓட்டல்கள் ஆகியவற்றின் கேமரா பதிவுகளை எடுக்கச் சொல்லி அன்றே காவல் நிலையத்தில் எழுதிக்கொடுங்கள். நாளாக ஆகப் பழைய பதிவு அழிந்துவிடும். வண்டி கிடைக்கவே இல்லையென்றால் தாசில்தார் அலுவலகம் வழியாக விண்ணப்பித்து 2 லட்சம் பெறலாம். வண்டி தெரிந்து, யார் தவறு என்ற வாதத்துக்கே போகாமல் மோட்டார் வாகனச் சட்டத்தின் 164-ஆம் பிரிவில் கேட்டால் 5 லட்சம். முழு இழப்பீட்டுக்கு 166-ஆம் பிரிவு.

பிரேதப் பரிசோதனை அறிக்கை, மகஜர், வரைபடம், மோட்டார் வாகன ஆய்வாளர் அறிக்கை ஆகியவற்றின் நகல்களைக் காவல் நிலையத்தில் கேட்டு வாங்குங்கள். இறப்புச் சான்றும் தாசில்தார் தரும் வாரிசுச் சான்றும் உங்கள் பொறுப்பு. குற்றப்பத்திரிகை வரட்டும் என்று காத்திருக்காதீர்கள். மாமியாரோடு மனத்தாங்கல் என்று மனுவில் அவர் பெயரை விட்டுவிடவும் கூடாது. விட்டால் அதுவே வழக்கை இழுக்கும்.

பணம் கூடுவதும் குறைவதும் வருமானச் சான்றில்தான். 38 வயதுக் கொத்தனார், மாதம் 15,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். 40 வயதுக்குள் சொந்தத் தொழில் என்பதால் எதிர்கால உயர்வு 40 சதவீதம் சேர்த்து 21,000. மனைவி, இரண்டு பிள்ளைகள், தாய் என நான்கு பேர் அவரை நம்பியிருந்ததால் அவருடைய சொந்தச் செலவுக்குக் கால் பங்கு கழியும், மீதி 15,750. ஆண்டுக்கு 1,89,000. அவர் வயதுக்குரிய பெருக்கு எண் 15. ஆக 28,35,000 ரூபாய். இறுதிச் சடங்குச் செலவு, துணையை இழந்ததற்கான தொகை போன்றவை தனி. இது உச்ச நீதிமன்றத்தின் 2009 சர்லா வர்மா, 2017 பிரணய் சேத்தி தீர்ப்புகளின் கணக்கு. அதே கொத்தனாரின் வருமானத்தை 10,000 என்று நீதிமன்றம் எடுத்துக்கொண்டால் 18,90,000-தான். எனவே கட்டுமான நல வாரிய அட்டை, ஜிபே வரவு, வங்கிப் புத்தகம், பால் சொசைட்டி அட்டை, சிட்டா அடங்கல் எதையும் தூக்கி எறியாதீர்கள். கூலி கொடுத்த மேஸ்திரி வந்து சாட்சி சொன்னால் இன்னும் நல்லது.

பிணவறை வாசலிலேயே கார்டு நீட்டுபவர்களிடம் வெற்றுத்தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். வரும் தொகையில் இத்தனை பங்கு என்று வக்கீல் பேரம் பேசுவதை பார் கவுன்சில் விதி தடுக்கிறது. பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமான வரம்பில்லாமல் சட்டப் பணிகள் குழு வழியாக இலவச வக்கீல் கிடைப்பார். கல்வராயன் மலையிலிருந்து வரும் பழங்குடிக் குடும்பங்கள் இதைக் கேட்டே வாங்க வேண்டும்.

மோதியது அரசு பஸ் என்றால் இன்சூரன்ஸ் கம்பெனியைத் தேட வேண்டாம். போக்குவரத்துக் கழகமே எதிர்மனுதாரர். தீர்ப்புத் தொகை கட்டாமல் பஸ் ஜப்தியான செய்திகளைப் படித்திருப்பீர்கள். தீர்ப்போடு வேலை முடிவதில்லை, நிறைவேற்று மனுவும் போட வேண்டிவரலாம்.

மக்கள் நீதிமன்றத்தில் சமரசம் பேசினால் பணம் சீக்கிரம் கைக்கு வரும், ஆனால் அங்கே ஒப்புக்கொண்டபின் மேல்முறையீடு கிடையாது. மேலே போட்டதுபோல் உங்கள் கணக்கை ஒரு தாளில் போட்டு எடுத்துக்கொண்டு போங்கள். மைனர் பிள்ளைகளின் பங்கை வங்கி வைப்பில் போடச் சொல்வார்கள். அதன் வட்டியைத் தாய் எடுத்துக்கொள்ள அனுமதி வேண்டும் என்று மனுவிலேயே கேட்டுவிடுங்கள். பள்ளிக் கட்டணத்துக்கு ஆகும்.