முதலில் ஊன்றுகோல்... பிறகே பார்வை!

வீட்டில் ஒரு துக்கம். ‘இத்தனை வருஷம் தவறாமல் விளக்கேற்றினேனே... எனக்கா இப்படி?’ என்று மனம் நொந்து, பூஜையறைப் பக்கமே போகப் பிடிக்காமல் இருந்திருக்கிறீர்களா? அப்படியென்றால், சுந்தரர் பார்வையின்றி நடந்த பாதையை நீங்கள் அவசியம் தெரிந்துகொள்ள வேண்டும். பெரியபுராணத்தில் சேக்கிழார் பெருமான் சொல்லும் வரலாறு இது.

திருவொற்றியூரில் மகிழ மரத்தடியில், ‘பிரிய மாட்டேன்’ என்று சங்கிலியாருக்குச் சத்தியம் செய்து கொடுத்தவர் சுந்தரர். வசந்த காலம் வந்ததும் திருவாரூர்த் திருவிழாவும், அங்கிருக்கும் பரவையாரும் நினைவுக்கு வர, கிளம்பிவிட்டார். ஒற்றியூர் எல்லையைத் தாண்டியதும் இரண்டு கண்களும் இருண்டன!

தவறு தன்னுடையதே என்று அவருக்குத் தெரியும். ஆனாலும் அவர் பாடுவதை நிறுத்தவில்லை. அழுதார், கெஞ்சினார், உரிமையோடு கோபித்தும் கொண்டார். எல்லாமே பதிகங்களாயின.

திருவெண்பாக்கத்தில் பார்வை வேண்டிப் பாடினார். கிடைத்ததோ ஊன்றுகோல்! கோபத்தில் அவர் அதை வீச, நந்தியின் கொம்பு ஒடிந்தது என்கிறது தலவரலாறு. அப்போது அம்பிகை மின்னலாக ஒளி காட்டி வழிநடத்தினாளாம். அதனால் அவளுக்கு மின்னொளி அம்மை என்று திருநாமம். 1944-ல் பூண்டி நீர்த்தேக்கம் உருவானபோது பழைய கோயில் இருந்த இடம் நீருக்குள் போனது. இறைவனும் இடம்பெயர்ந்து, திருவள்ளூரை அடுத்த பூண்டியில் புதிய கோயிலில் ஊன்றீஸ்வரராக அருள்கிறார்.

அடுத்து காஞ்சிபுரம். ஏகாம்பரநாதர் இடக்கண் பார்வையைத் தந்தார். திருத்துருத்தியில் (இன்றைய குத்தாலம்) நீராட, உடலைப் பற்றியிருந்த நோய் நீங்கியது. திருவாரூரை அடைந்து பாடிய பிறகே வலக்கண்ணும் ஒளி பெற்றது.

ஆனால், வீட்டுக் கதவு உடனே திறக்கவில்லை! சங்கிலியாரை மணந்த செய்தி அறிந்து மனம் வெதும்பியிருந்தார் பரவையார். தோழனுக்காகத் தியாகேசரே நள்ளிரவில் இரண்டு முறை தூது நடந்தார். அதன் பிறகே பரவையார் மனம் இரங்கினார். பயணம் போனவருக்கு மட்டுமல்ல, வீட்டில் காத்திருப்பவருக்கும் துயரம் உண்டு என்பதை இறைவன் அறிவார்.

இந்த வரிசையைக் கவனியுங்கள். முதலில் ஊன்றுகோல், பிறகு ஒரு கண், பிறகு உடல்நலம், பிறகு மறுகண், கடைசியில்தான் வீடு. துக்கத்திலிருந்து மீள்வதும் இப்படித்தான்... ஒரே நாளில் நடப்பதில்லை. இன்று உங்கள் கையைப் பிடித்துக்கொள்ள ஒரு பிள்ளையோ, பக்கத்து வீட்டு மாமியோ இருந்தால், அதுவே அவன் தந்த ஊன்றுகோல்!

ஏழாம் திருமுறையில் இந்த நான்கு தலங்களுக்கும் சுந்தரர் பதிகங்கள் இருக்கின்றன. நாளுக்கு ஒன்றாக, அவர் நடந்த வரிசையிலேயே படியுங்கள். கண்ணீர் வந்தால் வரட்டும். அழுதுகொண்டே பாடியவரைத்தான் ஆரூரான் தன் தோழனாகக் கொண்டான்!