கடவுச்சீட்டில் பிறந்த தேதி

எனக்குப் பிறந்த நாள்கள் இரண்டு. அம்மா பாயசம் வைப்பது அக்டோபர் 19. பள்ளிச் சான்றிதழ் சொல்வது ஜூன் 1. 2006 ஜூனில் முதல் வகுப்பில் சேர்க்கப் போனபோது எனக்கு ஐந்து வயது நிரம்பியிருக்கவில்லை. தலைமையாசிரியர் கருணை கூர்ந்து நாலரை மாதத்தைக் கூட்டி எழுதிக்கொண்டார். நம்மவரில் பலர் ஜூன் முதல் தேதியில் பிறந்திருப்பதன் இரகசியம் இதுவே. நண்பர்களே, உங்கள் சான்றிதழையும் ஒருமுறை எடுத்துப் பாருங்கள்.

அந்தச் சான்றிதழைக் காட்டித்தான் 2019இல் பாஸ்போர்ட் பெற்றேன். 2024இல் அயல்நாட்டுப் பல்கலைக்கழகம் ஒன்று இடமளித்துப் பிறப்புச் சான்றிதழையும் கேட்டது. நகராட்சிப் பதிவேடோ அக்டோபர் என்றது. அலுவலகத்தார் செய்த எழுத்துப் பிழையாயின் ஆதாரத்தைக் காட்டித் திருத்திவிடலாம்; எனக்கோ ஆவணங்களே ஒன்றோடொன்று சண்டையிட்டன. கோர்ட்டு ஆணை கொண்டுவரச் சொன்னார்கள்.

நேரே உயர்நீதிமன்றத்தில் ரிட் போடு என்றான் அறைத் தோழன். அரசியலமைப்பின் 226ஆம் பிரிவில் அதற்கு வழி உண்டு. ஆனால் சாட்சிகளைக் கூண்டிலேற்றி உண்மை காணவேண்டிய தகராறில் உயர்நீதிமன்றம் பொதுவாக இறங்குவதில்லை. அதற்குரிய இடம் முன்சீப் கோர்ட்டு. 1963ஆம் ஆண்டின் குறித்தவகைத் தீர்வுச் சட்டம், 34ஆம் பிரிவின்படி, ‘இன்ன நாளே என் பிறந்த நாள்’ என விளம்புகை கோரி வழக்கிட வேண்டும். பிரதிவாதி அரசாதலால், உரிமையியல் நடைமுறைச் சட்டம் 80ஆம் பிரிவின்படி முன்னதாக நோட்டீசு கொடுத்து இரண்டு மாதம் காத்திருக்க வேண்டும். அவசரமென்றால் கோர்ட்டின் அனுமதி பெற்றுக் காத்திராமலே தொடுக்கலாம். இதை நான் அறிந்தபோது ஒன்றரை மாதம் கழிந்திருந்தது! வழக்கிடும் உரிமை முதன்முதல் எழுந்த நாளிலிருந்து மூன்றாண்டே கெடு என்பதையும் மறவாதீர்கள்.

வழக்கின் உயிர் சான்றில் இருக்கிறது. பிறந்தவுடன் நகராட்சியில் பதிந்த பதிவுக்கு வலிமை அதிகம். பல்லாண்டு கழித்துப் பதிந்ததை எதிர்த்தரப்பு சந்தேகத்தோடு பார்க்கும். பள்ளிப் பதிவேடோ, யார் சொல்லி, எதைப் பார்த்து எழுதப்பட்டது என்று காட்டப்படாவிடில் பெரிதும் எடைபோடப்படாது. 1988இல் பிராத் மல் சிங்வி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இதுவே. அது வேட்பாளரின் வயது பற்றிய தேர்தல் வழக்கு. ஆதார் அட்டையை நம்பாதீர்கள். அது பிறந்த தேதிக்குச் சான்றாகாது என்று 2024இல் உச்ச நீதிமன்றமே கூறிவிட்டது.

அம்மாதான் முதல் சாட்சி. “வேண்டும்போது வயதைக் கூட்டுவது, பிறகு குறைப்பதா? இத்தனை காலம் ஏன் சும்மா இருந்தீர்கள்?” என்று அரசு வழக்கறிஞர் மடக்கினார். அம்மா அஞ்சவில்லை. “தப்புத்தான் ஐயா, பள்ளிக்கூடத்தில் நாங்கள் தடுத்திருக்கவேண்டும். ஆனால் இவன் ஐப்பசி அடைமழையில் பிறந்தவன். வைகாசி வெயிலில் பிறந்தான் என்று எந்தத் தாளில் எழுதினாலும் எனக்கு மறந்துபோகுமா?” என்றார். நீதிபதி தலைநிமிர்ந்து பார்த்தார். மழையை மட்டும் நம்பித் தீர்ப்பளிக்கவில்லை. பதிவேட்டின் நகலும், மருத்துவமனைச் சீட்டும் ஒத்திருந்தன.

அந்தக் கேள்வி இன்றும் என்னை உறுத்துகிறது. தெரிந்தே பொய்த் தகவல் தந்து பாஸ்போர்ட் பெறுவது 1967ஆம் ஆண்டுச் சட்டத்தின் 12ஆம் பிரிவில் குற்றம். ஈராண்டு வரை சிறைகூட உண்டு. சான்றிதழில் இருந்ததைத்தான் எழுதினேன் என்பது என் சமாதானம். ஆயினும் பாயசம் எந்த மாதம் என்பது எனக்குத் தெரியாததா?

டிக்ரி கிடைத்ததும் முதலில் பள்ளிச் சான்றிதழைத் திருத்திக்கொண்டேன். பிறகே பாஸ்போர்ட்டுக்குப் போனேன். பழைய புத்தகத்தில் அடித்துத் திருத்துவதில்லை; அதை ரத்துச் செய்து புதிது தருகிறார்கள். அது கைக்கு வந்தபோது அயல்நாட்டு இடம் கைநழுவியிருந்தது. இப்போது இங்கே சட்டம் பயில்கிறேன். அடுத்த ஆண்டுக்கு மீண்டும் எழுதிப் போட்டிருக்கிறேன், அக்டோபர் தேதியோடு.