வேலி தகராறுக்கு எந்தக் கோர்ட்?

கேள்வி: பக்கத்துத் தோட்டத்துக்காரர் வேலியைத் தள்ளிப் போட்டு என் நிலத்தில் இரண்டடி சேர்த்துக்கொண்டார். நேராக ஹைகோர்ட்டில் ரிட் போடச் சொல்கிறார்கள். போடலாமா?

பதில்: வேண்டாம். ரிட் என்பது பெரும்பாலும் அரசும் அதிகாரிகளும் செய்கிற தவறுக்கானது. இரு தனியாருக்கு இடையிலான எல்லைத் தகராறு என்றால், "சிவில் கோர்ட்டுக்குப் போங்கள்" என்றே அனுப்பிவிடுவார்கள். போலீசும் அடிதடி வராமல் பார்க்கலாமே தவிர, நிலம் யாருடையது என்று தீர்க்க முடியாது.

முதலில் பணம் கட்டி, தாலுகா சர்வேயரை வைத்து அளந்து கல் நடச் சொல்லுங்கள். பல தகராறுகள் அந்தக் கல்லோடு முடிந்துவிடும். முடியாவிட்டால், நீங்கள் எங்கே குடியிருந்தாலும், நிலம் இருக்கும் ஊருக்கு அதிகாரம் உள்ள சிவில் கோர்ட்டில்தான் வழக்கு. முன்சீப் கோர்ட்டா, சப் கோர்ட்டா என்பதை வழக்கின் மதிப்பு முடிவு செய்யும். இரண்டடிக்கு அநேகமாக முன்சீப் கோர்ட்டே போதும்.

வெறும் தடையுத்தரவு மட்டும் கேட்காதீர்கள். இடம் பக்கத்துத் தோட்டத்துக்காரர் கையில் இருப்பதால் உரிமை விளம்புகை (இடம் உங்களுடையது என்ற தீர்ப்பு), சுவாதீன மீட்பு (இடத்தைத் திரும்பப் பெறுதல்) இரண்டையும் கேளுங்கள். அளந்து அறிக்கை தர வக்கீல் கமிஷனரை நியமிக்கவும் மனு போடலாம். பட்டாவை மட்டும் நம்பாமல் கிரயப் பத்திரம், மூலப் பத்திரங்களைத் தேடி எடுங்கள். 12 வருடம் சும்மா இருந்துவிட்டால், அனுபவ பாத்தியம் என்று அவரே உரிமை கொண்டாடக்கூடும்.