எண் சொல்லும் சேதி

நம் பிள்ளைகளின் கல்வி உதவித்தொகை விண்ணப்பம் இன்று பெரும்பாலும் இணையம் வழியாகவே போகிறது. பொத்தானை அழுத்தியதும் திரையில் ஓர் எண் வந்து நின்றால் பதறுகிறோம். அந்த எண்ணின் பொருளை அறிந்துகொள்வது நம் ஒவ்வொரு வீட்டுக்கும் பயன் தரும்.

நம் கைப்பேசி ஒரு கோரிக்கையை அனுப்புகிறது. சர்வர் அதற்குப் பதில் தருகிறது. இவ்விரண்டும் எந்த வடிவில் இருக்க வேண்டும் என்று முன்கூட்டியே வகுத்த ஒழுங்கைத்தான் ஏபிஐ என்கிறார்கள். 'கெட்' என்றால் தகவலைக் கேட்பது. 'போஸ்ட்' என்றால் தகவலைக் கொடுப்பது. கொடுக்கும் தகவல் பெரும்பாலும் ஜேசன் என்ற வடிவில் இப்படி இருக்கும்:

{"பதிவெண்": "00457", "பிறந்த தேதி": "2010-04-03"}

கணினி பயிலும் பிள்ளைகள் இதில் இரண்டைக் கவனிக்கட்டும். ஒன்று, பதிவெண் மேற்கோள் குறிக்குள் இருக்கிறது. குறி இல்லாவிட்டால் கணினி அதை வெறும் எண்ணாகக் கொள்ளும். ஜேசனில் 00457 என்று பூச்சியத்தில் தொடங்கும் எண்ணுக்கு அனுமதி இல்லை, கோரிக்கையே செல்லாது. இரண்டு, தேதி. 03/04/2010 என்பது நமக்கு ஏப்ரல் 3. அமெரிக்கர்களுக்கு மார்ச் 4. இந்தக் குழப்பம் வராமலிருக்கவே ஆண்டு, மாதம், நாள் என்ற வரிசையை ஐஎஸ்ஓ 8601 என்ற உலகத் தரம் வகுத்தது.

இனி, பதிலில் வரும் எண்கள்:

2-இல் தொடங்கினால் கோரிக்கை ஏற்கப்பட்டது. 201 என்றால் புதிதாகப் பதிவாகிவிட்டது.

4-இல் தொடங்கினால் அனுப்பிய கோரிக்கையில் குறை. 400 என்றால் வடிவம் பிழை. 401 என்றால் உள்நுழைவு சரியில்லை. 404 என்றால் அந்த முகவரியில் எதுவும் இல்லை. திருத்தாமல் மீண்டும் மீண்டும் அழுத்துவதில் பயனில்லை.

5-இல் தொடங்கினால் குறை சர்வர் பக்கம். 503 என்றால் அது இப்போது சேவை தர இயலாத நிலையில் உள்ளது. சற்றுப் பொறுத்து முயலலாம்.

பதிலே வராமல் நின்றுவிட்டால்தான் அதிகக் கவனம் தேவை. கோரிக்கை போய்ச் சேர்ந்து, பதில் மட்டும் வழியில் தவறியிருக்கக்கூடும். ஆகவே கட்டணத்தை உடனே இரண்டாம் முறை செலுத்தாமல், வங்கிக் கணக்கையும் விண்ணப்ப நிலையையும் முதலில் பார்ப்போம்.

கடைசி நாள்வரை காத்திருக்காமல் விண்ணப்பிப்போம். விண்ணப்ப எண்ணைக் குறித்து வைப்போம். பிழை எண் வந்தால் அதைப் படம் எடுத்து வைத்து, உதவி கேட்கும்போது காட்டுவோம். குறை எங்கே என்று கண்டுபிடிக்க அந்த மூன்று இலக்கம் பெரிதும் உதவும்.